ப்ளே ஸ்டோர் ஒருநாளும் உங்க கையில ஃபைல் குடுக்காது

"அண்ணா, ப்ளே ஸ்டோரைக் காணோம், குரோம்ல தேடி டவுன்லோட் பண்ணேன், அதுலருந்து போன் ஒரு மாதிரியா இருக்கு"ன்னு சொல்லிக்கிட்டு கடைக்கு வர்றவங்க இப்ப ரொம்ப அதிகமாயிட்டாங்க. மொபைல் சர்வீஸ் பாக்குறவன்ங்கிற முறையில இதை விவரமா எழுதியே ஆகணும்னு தோணுச்சு, ஏன்னா இதுல அக்கவுண்ட் காலியானவங்களும் இருக்காங்க.

மொதல்ல இந்த "காணோம்" விஷயம். ஆண்ட்ராய்டு போன்ல ப்ளே ஸ்டோர் கம்பெனியிலயே போட்டு வர்றது (2019க்கு அப்புறம் வந்த ஹவாய் மாடல்கள் மாதிரி கூகுள் சர்வீஸே இல்லாத போன் வேற கணக்கு). கண்ணுக்குத் தெரியலன்னா பெரும்பாலும் டிசேபிள் ஆகியிருக்கும், பிள்ளைங்க கையில போன் போனா இது சகஜம். செட்டிங்ஸ்ல ஆப்ஸ் லிஸ்ட்டுக்குப் போயி கூகுள் ப்ளே ஸ்டோரைத் தேடி எனேபிள் குடுங்க, வந்துடும். திறக்குது ஆனா சுத்திக்கிட்டே இருக்குன்னா தேதி நேரம் சரியா இருக்கா, ஸ்டோரேஜ் ஃபுல்லான்னு பாருங்க, கேஷ் (ஆப் தற்காலிகமா சேத்து வைக்கிற டேட்டா) கிளியர் பண்ணுங்க. தயவுசெஞ்சு "ப்ளே ஸ்டோர் டவுன்லோட்"னு தேடாதீங்க.

அப்ப பிரவுசர்ல ப்ளே ஸ்டோர் பாக்கறதே தப்பான்னா, இல்லவே இல்ல. 2011லயே, அப்ப ஆண்ட்ராய்டு மார்க்கெட்னு பேரு, வெப்ல பாத்து போனுக்கு ஆப் அனுப்புற வசதி வந்துடுச்சு, அடுத்த வருஷம்தான் கூகுள் ப்ளேன்னு பேரை மாத்துனாங்க. இன்னைக்கும் ப்ளே டாட் கூகுள் டாட் காம்னு நீங்களே டைப் பண்ணி உள்ள போகலாம். ஒரு ஆப்பை யாரு செஞ்சாங்க, ஒரே ஒரு ஸ்டார் குடுத்தவங்க என்ன புலம்புறாங்க, டேட்டா சேஃப்டில என்னென்ன எடுக்குறோம்னு சொல்லியிருக்காங்க, இதெல்லாம் போடறதுக்கு முன்னாடியே நிதானமா படிக்க நல்ல வழி அது. உங்க மெயில்ல லாகின் பண்ணி இன்ஸ்டால் அழுத்தினா அந்த மெயில் இருக்கற போனையெல்லாம் காட்டி எதுல போடணும்னு கேக்கும், நீங்க காட்டுற போன்ல ப்ளே ஸ்டோரே இறக்கிடும். யாராவது அனுப்பின நிஜமான ப்ளே ஸ்டோர் லிங்கைத் தொட்டா பெரும்பாலும் பிரவுசரை விட்டுட்டு ப்ளே ஸ்டோர் ஆப்பே திறக்கும். ரெண்டுலயும் டவுன்லோட்ஸ் ஃபோல்டர்ல ஏபிகேன்னு ஒரு ஃபைல் (ஆப்பை நேரடியா போன்ல போடறதுக்கான ஃபைல்) வந்து விழவே விழாது. இன்ஸ்டால் அழுத்தின உடனே "இந்த ஃபைல் ஆபத்தா இருக்கலாம், டவுன்லோட் பண்ணவா"ன்னு குரோம் கேட்டுச்சுன்னா நீங்க நிக்கறது ப்ளே ஸ்டோர்ல இல்ல, அவ்வளவுதான், அப்படியே வெளிய வந்துடுங்க.

சமீபத்துல ஒரு அக்கா கொண்டு வந்த போனைச் சொல்றேன். வண்டிக்கு டிராஃபிக் சலான் வந்திருக்குன்னு வாட்ஸ்அப்ல மெசேஜ், கூடவே லிங்க். தொட்டா அச்சு அசல் ப்ளே ஸ்டோர் பக்கம், பச்சை இன்ஸ்டால் பட்டன், ஸ்டாரு, ரிவ்யூ எல்லாம் இருக்கு. மேல இருக்கற தேடுற இடத்தைத் தொட்டுப் பாத்தேன், அசையல, பட்டனைத் தவிர மொத்தமும் வெறும் படம். அட்ரஸ் பாரைத் தொட்டு முழுசாப் படிச்சா ப்ளே, கூகுள் ரெண்டு வார்த்தையும் முன்னாடி இருக்கு, ஆனா முடியறது வேற ஏதோ பேர்ல. https://ங்கிறதுக்கு அப்புறம் வர்ற முதல் சாய்கோட்டுக்கு (/) முன்னாடி ப்ளே டாட் கூகுள் டாட் காம்னு மட்டும் இருந்தாத்தான் அது ப்ளே ஸ்டோர், நம்ம கண்ணு முன்னாடி இருக்கற எழுத்தோட நின்னுடுது, அதைத்தான் மோசடி பண்றவங்க நம்பியிருக்காங்க.

அதுக்கப்புறம் நடந்தது வரிசையாத் தெரிஞ்சுது. ஆண்ட்ராய்டு 8லருந்து ப்ளே ஸ்டோருக்கு வெளியருந்து ஆப் போடற அனுமதியை குரோமுக்குத் தனி, வாட்ஸ்அப்புக்குத் தனின்னு குடுக்கணும், அக்கா போன்ல குரோமுக்கு ஆன்ல கிடந்துச்சு. அந்தப் போலி ஆப் எஸ்எம்எஸ் பெர்மிஷன் கேட்டிருக்கு, அக்கா குடுத்துட்டாங்க, ஓடிபி எல்லாம் அந்தப் பக்கம் போயிடுச்சு. ஐகானை மறைச்சுக்கிட்டு ஆப்ஸ் லிஸ்ட்ல பேரே இல்லாம உக்காந்திருக்கு. செட்டிங்ஸ்ல "இன்ஸ்டால் அன்னோன் ஆப்ஸ்"னு தேடி குரோம், வாட்ஸ்அப், ஃபைல் மேனேஜர் எல்லாத்துக்கும் இப்பவே ஆஃப் பண்ணுங்க, அம்மா அப்பா போன்லயும் பண்ணிடுங்க. ப்ளே ப்ரொடெக்டை (ஆபத்தான ஆப் இருக்கான்னு பாக்குற கூகுளோட பாதுகாப்பு வசதி) ஆஃப் பண்ணச் சொல்லி யாராவது போன்ல சொன்னா பேசாம கட் பண்ணிடுங்க.

ஐபோன்ல சஃபாரி வழியா ஆப் ஸ்டோர் பக்கம் பாக்கலாம், ஆனா இறக்கும்போது ஆப் ஸ்டோர் ஆப்புக்குத்தான் கூட்டிட்டுப் போகும். நடுவுல புரொஃபைல் (போன் செட்டிங்ஸையே மாத்துற ஃபைல்) இன்ஸ்டால் பண்ணுன்னு எந்தப் பக்கமாவது கேட்டா வேண்டாம்னு குடுங்க.

ஏற்கனவே போட்டுட்டீங்கன்னா ஏரோபிளேன் மோடு போடுங்க, வைஃபையும் ஆஃப் பண்ணுங்க. வேற போன்லருந்து பேங்குக்கும், சைபர் மோசடி புகார் நம்பரான 1930க்கும் கூப்பிடுங்க, சீக்கிரம் சொன்னா பணம் அடுத்த அக்கவுண்டுக்குப் போறதுக்குள்ள நிறுத்தி வைக்க வாய்ப்பிருக்கு. கடைக்கு அதுக்கப்புறம் வாங்க. பதட்டத்துல ரீசெட் பண்ணிட்டு வந்துடாதீங்க, அந்த மெசேஜ், லிங்க், அனுப்பின நம்பர் எல்லாத்தையும் இன்னொரு போன்ல போட்டோ எடுத்து வச்சுக்கிட்டு ரீசெட் பண்ணலாம், சைபர் கிரைம் புகாருக்கு அதைக் கேப்பாங்க.