ஸ்லாப்ஸ்டிக்: சொல்லும் பொருளும்

வழுக்கி விழுவது, கன்னத்தில் அறை வாங்குவது, கதவில் முட்டிக்கொள்வது என உடலுக்கு நேரும் இடர்களைக் காட்டிச் சிரிக்கவைக்கும் நகைச்சுவையை ஆங்கிலத்தில் ஸ்லாப்ஸ்டிக் என்கிறார்கள். இது முதலில் ஒரு மேடைக் கருவியின் பெயர். 16ஆம் நூற்றாண்டில் இத்தாலியில் தழைத்த கொமேதியா தெல்லார்தே நாடகங்களில், ஆர்லெக்கினோ என்னும் வேலைக்காரன் பட்டாக்கியோ எனப்படும் மட்டையோடு மேடையேறுவான். சிறு இடைவெளி விட்டுக் கைப்பிடியில் பொருத்தப்பட்ட இரண்டு மெல்லிய மரப்பட்டைகளே அந்த மட்டை. லேசாகத் தட்டினாலும் பட்டைகள் ஒன்றோடொன்று மோதிப் பளாரென்று ஒலிக்கும். அடி வாங்கியவருக்கோ வலி மிகக் குறைவு. ‘அறை’, ‘கோல்’ எனப் பொருள்படும் இரு ஆங்கிலச் சொற்கள் சேர்ந்து அந்தக் கருவியைக் குறித்தன. பின்னர் அப்பெயர் கருவியாகுபெயராய் நகைச்சுவை வகைக்கே ஆகிவந்தது.

சிரிப்பின் அறிவியல் இந்தக் கருவிக்குள்ளேயே இருக்கிறது. பிறருக்கு வலியோ கேடோ விளைக்காத பிழையே நகைப்புக்குரியது என்று அரிஸ்டாட்டில் தம் கவிதையியலில் எழுதினார். தமிழகத்தில் பிறந்த நரம்பியல் அறிஞர் வி. எஸ். ராமச்சந்திரன் 1998இல் முன்வைத்த ‘பொய் எச்சரிக்கை’க் கருதுகோள் இதற்கு ஒரு காரணம் கூறுகிறது: ஒருவர் தடுக்கி விழும்போது நம் மனம் ஆபத்தென்று விழித்துக்கொள்கிறது, அவர் மண்ணைத் தட்டிக்கொண்டு எழுந்துவிட்டால், உதவிக்கு ஓடி வர வேண்டியதில்லை என்று சுற்றியிருப்போருக்கு உணர்த்தும் ஒலியாகச் சிரிப்பு வெளிப்படுகிறது. விழுந்தவரின் தலையில் இரத்தம் கசிந்தால் ஒருவரும் சிரிப்பதில்லை. 2010இல் பீட்டர் மெக்ரா, கேலப் வாரன் ஆகியோர் வெளியிட்ட ஆய்வும், ஒரு செயல் வழக்கத்தை மீறுவதாகவும் அதேவேளை தீங்கற்றதாகவும் தோன்றும்போதே நகைப்பு பிறக்கிறது என்றது. இவை கருதுகோள்களே என்றாலும், ஓசை பெரிதாகவும் வலி சிறிதாகவும் இருக்கும்படி அந்த மட்டையைச் செய்தவர்கள் இதைக் கைப்பழக்கத்திலேயே அறிந்திருக்கலாம் என்று தோன்றுகிறது.

ஸ்லாப்ஸ்டிக்கைத் தமிழில் ‘உடல்மொழி நகைச்சுவை’ என்று எழுதுவது பொருந்தாது. முகபாவமும் சைகையும் அதில் அடங்கிவிடும். ‘அடிதடி நகைச்சுவை’ நெருங்கி வருகிறது. ஆனால் அடிதடி என்றால் நமக்கு மெய்யான சண்டையே நினைவுக்கு வரும். தொல்காப்பிய மெய்ப்பாட்டியல், “எள்ளல் இளமை பேதைமை மடன்” என நகைக்கு நான்கு நிலைக்களன்களைச் சொல்கிறது. இவ்வகைச் சிரிப்பு பெரும்பாலும் எள்ளலிலும் பேதைமையிலும் அடங்கும் என்றாலும், உடலைச் சுட்டும் சொல் அங்கில்லை. எனவே பொது வகையை ‘உடல்சார் நகைச்சுவை’ என்றும், அடியும் விழுதலுமே மையமாக வரும் காட்சியை ‘பொய்யடி நகைச்சுவை’ என்றும் பிரித்து வழங்கலாம் என்பது என் பரிந்துரை.