பிரிக்கத் தெரிந்தவர் கையில் பிடி

இயர்பட்ஸ் பெட்டியின் மூடியைப் பாதி மூடினால் போதும், மீதியை அதுவே டக்கென்று மூடிக்கொள்ளும். உள்ளே இருப்பது மிளகு அளவு காந்தம். நியோடிமியம், இரும்பு, போரான் மூன்றும் சேர்ந்தது. 1980களின் தொடக்கத்தில் ஜப்பானில் மசாதோ சகாவாவும் அமெரிக்காவில் ஜெனரல் மோட்டார்ஸ் ஆய்வாளர்களும் தனித்தனியே இதைக் கண்டுபிடித்தார்கள். இன்று மின்சாரக் கார் முதல் காற்றாலை வரை பலவற்றுக்கும் இந்தக் காந்தம் வேண்டும். அதில் பெரும்பகுதி சீனாவில்தான் தயாராகிறது.

சீனாவில் மட்டும்தான் கனிமம் இருக்கிறதா என்றால், இல்லை. நியோடிமியம் சேர்ந்த 'அரிய மண் தனிமங்கள்' பதினேழில் பெரும்பாலானவை பெயருக்கு ஏற்ற அளவு அரிதானவை அல்ல. சீரியம் கிட்டத்தட்ட தாமிரம் அளவுக்குப் பூமியில் இருக்கிறது. நம் மணவாளக்குறிச்சி கடற்கரை மணலில் உள்ள மோனசைட்டிலும் இவை உண்டு. சிக்கல் தோண்டுவதில் இல்லை, பிரிப்பதில் இருக்கிறது.

பொன்னி அரிசியையும் சோனா மசூரியையும் ஒரே சாக்கில் கொட்டிக் கலக்கிவிட்டுப் பிரிக்கச் சொன்னால் எப்படி இருக்கும்? அப்படித்தான் இதுவும். இந்தத் தனிமங்கள் கனிமத்தில் ஒன்றோடொன்று கலந்தே கிடக்கின்றன, வேதிவினையிலும் ஒரே மாதிரி நடந்துகொள்கின்றன. பிரசியோடிமியம் அயனிக்கும் (மின்னூட்டம் பெற்ற அணு) நியோடிமியம் அயனிக்கும் ஆர வித்தியாசம் ஏறக்குறைய ஒரு சதவீதம்தான். அந்த மயிரிழை வித்தியாசத்தை வைத்துத்தான் பிரிக்க வேண்டும்.

ஒரு தொட்டியில் தனிமங்கள் கரைந்த அமிலக் கரைசல். அதோடு மண்ணெண்ணெய் போன்ற ஒரு எண்ணெய், அதில் உலோக அயனியைப் பற்றிக்கொள்ளும் ஒரு வேதிப்பொருள். நன்றாகக் கலக்கிவிட்டு அப்படியே விட்டால் எண்ணெய் மேலே மிதக்கும், நீர் கீழே தங்கும். அளவில் சிறிய அயனி எண்ணெய்க்குக் கொஞ்சம் அதிகமாகப் போயிருக்கும். கொஞ்சம்தான். அதனால் அடுத்த தொட்டி, அதற்கு அடுத்தது என்று நூற்றுக்கணக்கில் வரிசையாக நிற்கும். எண்ணெய் ஒரு திசையில், நீர் எதிர்த்திசையில் ஓடும். கடைசித் தொட்டியில்தான் சுத்தமான பொருள் கிடைக்கும்.

எத்தனை தொட்டி, எவ்வளவு அமிலம், எந்த வேகம்? முன்பெல்லாம் மாதக்கணக்கில் குடுவையைக் குலுக்கித்தான் கண்டுபிடிப்பார்கள். 1970களில் பீக்கிங் பல்கலைக்கழகத்தின் சூ குவாங்சியான் இதைக் கணக்காகவே போட்டுக்காட்டினார். காகிதத்தில் வந்த எண்களை நேராகத் தொழிற்சாலைக்குக் கொண்டுபோக முடிந்தது. சீனாவின் பலம் மலிவான கூலி மட்டும்தான் என்று சொல்பவர்கள் இந்த மனிதரை மறந்துவிடுகிறார்கள். கூலியும் ஒரு காரணம்தான். அமிலக் கழிவையும் தோரியம் கலந்த கதிரியக்கக் கழிவையும் சீனாவின் பாவ்தோ நகரம் சுமந்ததும் ஒரு காரணம். அந்த விலையைக் கொடுத்தவர்கள் அங்கே குடியிருந்த மக்கள். ஒரு காலத்தில் முன்னணியில் இருந்த கலிஃபோர்னியாவின் மவுண்டன் பாஸ் சுரங்கம் 2002இல் மூடப்பட்டது.

2010இல் சீனாவுக்கும் ஜப்பானுக்கும் இடையே தீவுத் தகராறு முற்றியபோது ஜப்பானுக்குப் போகவேண்டிய சரக்கு நின்றது. ஜப்பான் விழித்துக்கொண்டது, அரிய மண் தோண்டும் ஆஸ்திரேலியாவின் லைனாஸ் நிறுவனத்தில் பணம் போட்டது. 2023 டிசம்பரில் சீனா, பிரிக்கும் தொழில்நுட்பத்தையே ஏற்றுமதி செய்யத் தடை விதித்தது. அப்புறம் 2025 ஏப்ரலில் ஏழு அரிய மண் தனிமங்களுக்கு ஏற்றுமதிக் கட்டுப்பாடு வந்தது. அந்தப் பட்டியலில் நியோடிமியம் இல்லை, டிஸ்ப்ரோசியம் இருந்தது. கறிக்கு உப்பு போலக் காந்தத்தில் கொஞ்சமே சேர்ப்பது அது. ஆனால் அது இல்லையென்றால் கார் மோட்டாரின் சூட்டில் காந்தம் பலம் இழந்துவிடும். சில வாரங்களிலேயே சுசூகி, ஜப்பானில் ஸ்விஃப்ட் உற்பத்தியை நிறுத்தி வைத்தது.

அதே ஆண்டு மே மாதம், மலேசியாவின் குவாந்தான் அருகே உள்ள லைனாஸ் ஆலையில் முதன்முறையாக டிஸ்ப்ரோசியம் ஆக்சைடு பிரிந்து வந்தது. அந்த ஆலை ஓடத் தொடங்கிப் பன்னிரண்டு ஆண்டுகளுக்கு மேல் ஆகியிருந்தது.