எலும்பைத் தின்னும் மண், எலும்பைக் காத்த சாம்பல்

இலங்கை மலைநாட்டில் பண்டாரவளைப் பக்கம் மழை விட்ட மறுநாள் தேயிலை மலைக்குள் கான் (வடிகால்) ஓரமாக நடந்து பாருங்கள். செம்மண் கழுவுப்பட்டு, சின்னச் சின்ன வெள்ளைக்கல் துண்டுகள் மேலே வந்து மின்னும். பெரும்பாலானவை வெறும் கல்தான். ஒன்றிரண்டு மட்டும் அப்படியல்ல. நகத்தின் அளவுதான் இருக்கும், ஒரு பக்கம் தட்டை. அந்தத் தட்டையின் மேல்முனைக்குச் சற்றுக் கீழே பெருவிரலால் தடவினால் மெல்லிய புடைப்பு ஒன்று தட்டுப்படும். கல்லின் விளிம்பில் இன்னொரு கல்லால் அடிக்கும்போது அந்த அடியின் வேகம் உள்ளே பரவிச் சில்லைப் பெயர்க்கிறது. புடைப்பு அதன் தழும்பு. ஓரத்தில் வரிசையாகப் பொடிப்பொடிச் செதுக்கலும் இருந்தால் அது மனிதக் கை பட்ட கருவியாகவே இருக்கக்கூடும்.

19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ஈ. ஈ. கிறீன், ஜோன் போல் போன்றவர்கள் மலைநாட்டில் இந்தக் கற்களைச் சேகரித்து, இவை கற்காலத்தவை என்று எழுதினார்கள். ஆனால் அவற்றை முதலில் புரட்டிப் போட்டது கான் வெட்டிய, முள்ளுக் குத்திய (முள்ளால் மண் கிளறிய) நம் தோட்டத்து ஆட்களின் கைகளாகத்தான் இருக்கும் என்பது என் எண்ணம்.

சரி, கருவி கிடைக்கிறது. செய்தவரின் எலும்பு ஏன் அதன் பக்கத்தில் கிடைப்பதில்லை?

காரணம் மண்ணின் புளிப்பு. எலும்பின் கெட்டித்தன்மை கல்சியம் பொஸ்பேற்றால் வருவது. அமிலம் பட்டால் அது கரையும். முட்டையோட்டைத் தேசிக்காய்ச் சாற்றில் போட்டு வைத்தால் நுரைத்து மெலிந்து போகுமே, ஏறக்குறைய அந்தக் கதைதான், மிக மெதுவாக நடக்கிறது. மலைநாட்டின் கனமழை மண்ணிலுள்ள கல்சியத்தைக் கழுவிக்கொண்டு போகிறது. மட்கும் இலைதழை அமிலத்தைச் சேர்க்கிறது. மண்ணின் அமில அளவு (pH; எண் குறையக் குறையப் புளிப்பு கூடும்) 4.5க்கும் 5.5க்கும் இடையில் வந்து நிற்கும்போது தேயிலைக்குக் கொண்டாட்டம், எலும்புக்கோ அழிவு. தேயிலை செழிக்கும் மண்ணில் பழைய எலும்பைத் தேடுவது அநேகமாக வீண்வேலை.

பாறைக்குள் பார்க்கலாமே என்றால் அதுவும் முடியாது. மத்திய மலைகளின் பாறைகள் சுமார் 55 கோடி ஆண்டுகளுக்கு முன் பூமியின் ஆழத்தில் 800 பாகை செல்சியசுக்கு மேல் வெந்து உருமாறியவை. அந்தக் காலத்தில் எலும்புள்ள உயிர்களே உலகில் இல்லை.

அப்படியானால் குகைகளில் மட்டும் எப்படி? கித்துல்கலையில் உள்ள பெலிலென குகையில் 30,000 ஆண்டுகளுக்கு முன்பே மனிதர் வாழ்ந்திருக்கிறார்கள். குருவிட்டைக்கு அருகே பட்டதொம்பலென இன்னொன்று. இரண்டையும் தொல்லியலாளர் சிரான் தெரணியகல அகழ்ந்தார். மேலே நீண்டிருக்கும் பாறை மழையைத் தடுத்துவிடுவதால் கழுவிச் செல்ல நீர் இல்லை. ஆனால் என்னை அதிகம் வியக்க வைப்பது அடுப்புச் சாம்பல். வீட்டுத் தோட்டத்தில் மண்ணின் புளிப்பு முறியச் சாம்பல் தூவுகிறோமே, அதையே அந்த மக்கள் தெரியாமல் செய்துவிட்டார்கள். நாள்தோறும் தீ மூட்டினார்கள். நத்தை தின்று ஓட்டை எறிந்தார்கள்; ஓடு முழுக்கச் சுண்ணாம்பு. சாம்பலும் ஓடும் சேர்ந்து குகைத் தரையின் அமிலத்தை முறிக்க, அதில் புதைந்த குரங்கு எலும்பும் மலை அணில் எலும்பும் மனித எலும்பும் தப்பின. கடலிலிருந்து வெகுதூரத்திலுள்ள பட்டதொம்பலெனவில் கடற்சிப்பிகளும் கிடைத்தன. அந்த மலைக்காடு வெளியுலகத் தொடர்பற்றுக் கிடக்கவில்லை.

தப்பிய பற்கள் இன்னும் பேசுகின்றன. அடர்ந்த காட்டின் நிழலில் வளரும் செடியிலும் வெட்டவெளிப் புல்லிலும் கனமான, இலேசான கார்பன் அணுக்கள் வெவ்வேறு விகிதத்தில் சேர்கின்றன. உண்டவரின் பல் எனாமலில் அந்த விகிதம் பதிந்துவிடும். 2015இல் வெளியான ஆய்வு ஒன்று இலங்கையின் பழைய மனிதப் பற்களை இவ்வாறு அளந்தது. அவர்களில் பெரும்பாலானோர் குறைந்தது ஏறத்தாழ 20,000 ஆண்டுகளுக்கு முன்பிருந்தே மழைக்காட்டு உணவையே பெரிதும் நம்பி வாழ்ந்திருக்கிறார்கள். மழைக்காட்டில் வேட்டையாடி மட்டும் வாழ முடியாது என்று அதற்கு முன் பல அறிஞர்கள் நம்பியிருந்தனர்.

மலையடிவாரத்து இரத்தினபுரியில் வேறொரு பெட்டகம் இருக்கிறது. மாணிக்கக் குழிக்காரர்கள் கல் படிந்திருக்கும் சரளைப் படுகையை இல்லம் என்பார்கள். ஆறுகள் அடித்துவந்த சரளையோடு விலங்குகளின் எச்சங்களும் அங்கே படிந்து, காற்றுப் புகாத ஈரக் களிமண்ணுக்கு அடியில் தங்கிவிட்டன. நீர்யானை, காண்டாமிருகம் எல்லாம் அந்தக் குழிகளிலிருந்து வந்தன. அங்கே கிடைத்த பற்களைக் கொண்டு 1939இல் பி. ஈ. பி. தெரணியகல (சிரானின் தந்தை) இலங்கைச் சிங்கத்துக்கு ஓர் அறிவியற் பெயர் வைத்தார். இன்று இந்த மூன்று விலங்கில் ஒன்றுகூட நம் காட்டில் இல்லை.

அப்புறம் ஹோர்ட்டன் சமவெளி. 2,000 மீற்றருக்கு மேலே, சதுப்பில் மட்காத புல்லும் பாசியும் கறுப்புச் சேறாகப் படிந்திருக்கின்றன. எலும்பைக் கரைக்கும் அதே புளிப்பு இங்கே காவல்காரன்: நுண்ணுயிர்களை அண்ட விடாமல் மகரந்தத் துகள்களைக் காப்பாற்றியிருக்கிறது. துகளின் மேலோடு அமிலத்துக்கு அசையாது. சேற்றை நீளக் குழாயால் உருவியெடுத்து அடுக்கடுக்காக நுண்நோக்கியில் பார்த்தால், எந்தக் காலத்தில் புல் மிகுந்தது, எந்தக் காலத்தில் மரம் மிகுந்தது என்று எண்ணிவிடலாம். அந்தப் பதிவு 24,000 ஆண்டுகள் பின்னோக்கிப் போகிறது. அதன் அடியில் இருப்பது பருவமழை பலவீனப்பட்டிருந்த வறண்ட காலம். பெலிலென குகையில் அடுப்பு எரிந்த காலங்களில் அதுவும் ஒன்று.