பழைய பயணச் செய்திப்படங்களை நம்புவதற்கு முன்

பழைய படச்சுருள்களைச் சுத்தம் செய்து டிஜிட்டலுக்கு மாற்றுவது என் வேலை. ஒரு காலத்தில் தியேட்டரில் மெயின் படத்துக்கு முன்னால் ஓடிய, தூர தேசத்து மக்களையும் தொழில்களையும் காட்டும் செய்திப்படங்கள் இப்போது யூடியூபில் குவிந்து கிடக்கின்றன. 2014-இல் பிரிட்டிஷ் பாத்தே என்ற பழைய செய்திப்பட நிறுவனம் மட்டும் 85,000 படங்களை ஏற்றியது. பொக்கிஷம்தான். ஆனால் கண்ணில் பட்டதையெல்லாம் அப்படியே வரலாறு என்று வாட்ஸ்அப்பில் அனுப்புகிறார்களே, அதுதான் கவலையாக இருக்கிறது.

முதலில் வேகம். மௌனப்பட காலத்தில் கேமராவைக் கையால் சுற்றித்தான் படம் எடுத்தார்கள். பெரும்பாலும் நொடிக்கு 16 முதல் 20 ஃபிரேம், அதாவது தனித்தனிப் படம். அதை 24-இல் ஓட்டினால் ஆட்கள் பொம்மை மாதிரித் துள்ளுவார்கள். கீழே கேலியாக கமெண்ட் வரும். சரியான வேகத்தில் ஓட்டிப் பாருங்கள்: குயவரின் கட்டைவிரல் களிமண்ணை எங்கே அழுத்துகிறது, எப்போது விலகுகிறது என்பதுகூடத் தெரியும்.

அப்புறம், நடிக்க வைத்த காட்சிகள். அயர்லாந்தின் மேற்குக் கடலில் உள்ள அரான் தீவுகளில் ராபர்ட் ஃப்ளாஹர்ட்டி எடுத்து 1934-இல் வெளிவந்த ‘மேன் ஆஃப் அரான்’ செய்திப்படம் இல்லை, முழுநீள ஆவணப்படம். ஆனாலும் அந்தக் காலப் பழக்கத்துக்கு அதுவே நல்ல சாட்சி. அதில் தீவு மக்கள் படகிலிருந்து ஈட்டி எறிந்து பெரிய சுறாவைப் பிடிக்கிறார்கள், ஈரல் எண்ணெயில் விளக்கெரிக்க. உண்மையில் அந்த வேட்டை பல பத்தாண்டுகளுக்கு முன்பே நின்றுபோயிருந்தது. படத்துக்காகவே அவர்களுக்கு ஈட்டி எறியக் கற்றுக்கொடுத்தார்கள். அப்பா, அம்மா, பையனாக வரும் மூவரும் ஒரே குடும்பம் இல்லை. அதே படத்தில், வெறும் பாறைமேல் கடற்பாசியும் மண்ணும் பரப்பி உருளைக்கிழங்குக்கு நிலம் உண்டாக்கும் காட்சி வருகிறது. அது அந்தத் தீவின் நிஜமான உழைப்பு. ஒரே படத்தில் வரும் இந்த இரண்டு காட்சிகளையும் பார்த்த மாத்திரத்தில் பிரித்தறிய முடியாது. படம் பிடித்த இடத்தைப் பற்றிக் கொஞ்சம் படித்தால்தான் முடியும்.

பின்னணிக் குரலையும் அப்படியே நம்ப வேண்டாம். பல படங்களில் அது படக்குழு ஊர் திரும்பியபின் ஸ்டுடியோவில் எழுதிச் சேர்த்தது. திரையில் இருப்பவர்களிடம் யாரும் ஒரு வார்த்தை கேட்டிருக்க மாட்டார்கள்.

இப்போது புதிதாக, கறுப்பு வெள்ளைப் படத்துக்கு ஏஐ பூசும் நிறம். நெசவாளர் கையிலிருக்கும் நூல் சிவப்பு என்று கணினி ஊகிக்கிறது, அவ்வளவுதான். சாயத் தொழிலைக் காட்டும் படத்துக்கே இப்படி நிறமேற்றினால் அதில் என்ன மிஞ்சும்? பகிர்ந்துதான் ஆக வேண்டுமென்றால், மூலக் கறுப்பு வெள்ளைப் படத்தின் லிங்க்கையும், எடுத்த ஆண்டையும் ஊரையும் சேர்த்தே அனுப்புங்கள்.