நித்திரையா, மாத்திரையா? குறுக்கெழுத்துக் கட்டம் வேலை செய்யும் விதம்

போன மாதம் ஒரு நாளிதழின் குறுக்கெழுத்தில் இப்படி ஒரு குறிப்பு வந்தது: "உடம்பு தேற இது அவசியம் (4)". இடமிருந்து வலம். மேலிருந்து கீழ் போகும் இரண்டு சொற்களை முன்பே போட்டுவிட்டதால் இரண்டாம் கட்டத்தில் த், நான்காம் கட்டத்தில் ரை நின்றன. பென்சிலால் மாத்திரை என்று எழுதிவிட்டு எழுந்தேன். மறுநாள் வந்த விடை: நித்திரை.

இரண்டுமே பொருந்தும் விடைகள். மாத்திரை தவறு என்று காட்ட அந்தக் கட்டத்தில் எதுவும் இல்லை. நித்திரைதான் சரி என்று காட்டவும் எதுவும் இல்லை. புதிரில் ஏதோ ஒரு பலகை விலகியிருக்கிறது. அது எந்தப் பலகை என்று தேடிப் போனால், குறுக்கெழுத்து எந்த ஆதாரத்தில் நிற்கிறது என்பது பிடிபடும்.

முதலில் கணக்கு. தமிழில் எழுத்துகள் 247. நாலு வெற்றுக் கட்டத்தில் எந்த எழுத்தையும் எங்கேயும் போடலாம் என்றால் கிட்டத்தட்ட 372 கோடிச் சேர்க்கைகள் வரும். அவற்றில் நம் வாயில் புழங்கும் சொல்லாக இருப்பவை கைப்பிடி அரிசி அளவுதான். மற்றவை எல்லாம் 'ழ்கௌஞிப்' மாதிரி. இந்தப் பெரிய இடைவெளிதான் புதிருக்கு முதலீடு. எல்லாச் சேர்க்கையும் சொல்லாக இருந்தால், ஒரு கட்டத்தில் இருக்கும் எழுத்து பக்கத்துக் கட்டத்தைப் பற்றி எதுவுமே சொல்லாது.

இதை எண்ணால் அளந்து காட்டியவர் கிளாட் ஷானன். பெல் ஆய்வுக்கூடத்தில் வேலை பார்த்த அவர் 1948-இல் தகவல் கோட்பாட்டுக்கு அடித்தளம் போட்ட கட்டுரையை வெளியிட்டார். தொலைபேசி, தந்தி பற்றிப் பேசும் அந்தக் கட்டுரையில் நடுவே குறுக்கெழுத்து வருகிறது. ஒரு மொழியில் நாம் எழுதுவதில் எவ்வளவு பங்கு மொழியின் விதிகளாலேயே தீர்மானமாகிவிடுகிறது என்பதை அவர் மிகைமை என்று அளந்தார். மிகைமை சுழி என்றால் எழுத்துகளை எப்படிக் கொட்டினாலும் அது குறுக்கெழுத்துதான். மிகைமை மிக அதிகமானால் விதிகளின் நெருக்கடியில் பெரிய கட்டமே கட்ட முடியாது. 50 சதவீத அளவில் இருந்தால் பெரிய தட்டைக் கட்டங்கள் மட்டுமட்டாகச் சாத்தியமாகும் என்றும், 33 சதவீதமாகக் குறைந்தால் கனசதுரமாக மூன்று திசையிலும் சொற்கள் ஓடும் புதிர்கூடக் கட்டலாம் என்றும் அவர் எழுதினார். ஆங்கிலத்துக்கு அவர் மதிப்பிட்டது ஏறத்தாழ 50 சதவீதம்.

இப்போது நம் கட்டத்துக்கு வருவோம். _ த் _ ரை. மூன்றாவது கட்டத்துக்குக் குறுக்கே எந்தச் சொல்லும் போகவில்லை. ஆனாலும் அது பாதி நிரம்பிய கட்டம்தான். எந்த மெய்யை அடுத்து எந்த மெய் வரலாம் என்று சொல்லும் நன்னூலின் மெய்ம்மயக்க விதிப்படி க், ச், த், ப் நான்கும் தன்னோடு மட்டுமே சேரும். த் வந்தால் அடுத்தது த வரிசைதான். 247 இருந்த இடத்தில் 12. ர், ழ் இரண்டுக்கும் நேர் எதிரான குணம்: அவை இரட்டிக்கவே இரட்டிக்காது. ங் வந்தால் அடுத்து க வரிசைதான் என்று பள்ளிக்கூடப் பிள்ளைக்கும் கை பழகியிருக்கும். (பக்தி, சப்தம் மாதிரி வெளியிலிருந்து வந்த சொற்கள் இந்த வேலியைத் தாண்டும். புதிர் போடும்போது இந்த விலக்கையும் மனத்தில் வைக்கவேண்டும்.) இலக்கண வகுப்பில் மனப்பாடம் செய்த இந்தச் சூத்திரங்களைத்தான் ஒவ்வொரு நாளும் பென்சிலும் கையுமாக நாம் பயன்படுத்துகிறோம். ஷானன் எண்ணாகச் சொன்னதை இவை விதியாகச் சொல்கின்றன.

அப்புறம் என்ன மிச்சம்? எனக்கு உடனே தோன்றியவை: சித்திரை, மாத்திரை, முத்திரை, யாத்திரை, நித்திரை, பத்தரை. கோடிக்கணக்கிலிருந்து ஆறுக்கு வந்துவிட்டோம். 'ஆமாம், இல்லை' என்று பதில் வரும் கேள்விகளாகக் கணக்கிட்டால் ஆறில் ஒன்றைத் தேர இரண்டரைக் கேள்வி போதும். அந்த இரண்டரைக் கேள்விக்கான பதில் முழுவதும் முதல் கட்டத்தில் இருக்கிறது. அந்த முதல் கட்டத்துக்குத்தான் குறுக்குச் சொல் இல்லை. அதனால் மொத்தப் பாரமும் குறிப்பின் தலையில் விழுந்தது. குறிப்போ மருந்துக்கும் தூக்கத்துக்கும் பொதுவாக நின்றது.

முதல் கட்டம் திறந்து கிடப்பது இன்னொரு காரணத்தாலும் தீங்கு. "தொண்டைக்குழியில் நிற்கிறது, வரமாட்டேன் என்கிறது" என்று சொல்வோமே, அந்த நிலையை ரோஜர் பிரவுன், டேவிட் மெக்நீல் என்ற உளவியலாளர்கள் 1966-இல் ஆராய்ந்தார்கள். அரிய சொற்களின் விளக்கத்தை வாசித்துக் காட்டி, அந்தச் சொல் எது என்று கேட்டார்கள். சொல் வராமல் திணறியவர்கள்கூட அது எந்த எழுத்தில் தொடங்கும், எத்தனை அசை என்று அடிக்கடி சரியாகச் சொன்னார்கள். பொருள் ஒரு பக்கமும் ஒலி வடிவம் ஒரு பக்கமுமாக மனம் சேர்த்து வைத்திருக்கிறது. பொருளிலிருந்து ஒலிக்குப் போகும் பாலம் சில சமயம் வழுக்கும். அப்போது கைபிடிக்கக் கிடைப்பது பெரும்பாலும் சொல்லின் தலை. புதிரில் ஒரு தலையெழுத்து கிடைத்ததும் "அட!" என்று சொல் கொட்டுவது இதனால்தான்.

ஆங்கிலக் கட்டத்தையும் நம் கட்டத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். அமெரிக்க நாளிதழ்களின் புதிரில் கறுப்புக் கட்டம் குறைவு. ஒவ்வொரு எழுத்தும் இரண்டு சொல்லுக்குச் சொந்தம். தமிழ்க் கட்டத்தில் பாதிக்குப் பாதி கறுப்பாக இருக்கும். புதிர் அமைப்பவரின் சோம்பலை இதற்குக் குறைசொல்வது நியாயமில்லை. ஆங்கிலத்தில் 26 எழுத்துதான், அதிலும் உயிரெழுத்து ஐந்தும் கதவுக்குக் கீல் மாதிரி எல்லாச் சொல்லிலும் வந்து நிற்கும். எந்தச் சொல்லையும் எந்தச் சொல்லோடும் அவற்றில் மாட்டிவிடலாம். தமிழில் உயிர் மெய்யோடு கரைந்துவிடுகிறது. கி வேண்டும் என்றால் கி-யேதான் வேண்டும், கீ உதவாது.

இதைவிடப் பெரிய தடை ஒன்று இருக்கிறது. தமிழ்ச் சொல் மெய்யெழுத்தில் தொடங்காது. உயிரெழுத்து, அளபெடை தவிர, சொல்லின் தலையில்தான் வரும். இதைக் கட்டத்தில் பொருத்திப் பாருங்கள். ஒரு கட்டத்தில் அ இருந்தால் அங்கே சந்திக்கும் இரண்டு சொல்லும் அங்கேயே தொடங்க வேண்டும். ம் இருந்தால் இரண்டில் ஒன்றுகூட அங்கே தொடங்க முடியாது. மேல் வரிசையில் 'மரம்' என்று போட்டுவிட்டால் அந்த ம் கட்டத்திலிருந்து கீழே இறங்க ஒரு தமிழ்ச் சொல்லும் கிடையாது. ஆனால் கீழிருந்து ஏறி வந்து ம்-இல் முடியும் சொற்கள் ஏராளம்: பழம், குளம், பணம். நம் பத்திரிகைப் புதிர்களில் "கீழிருந்து மேல்", "வலமிருந்து இடம்" என்று கூடுதலாக இரண்டு திசை இருப்பதைப் பார்த்திருப்பீர்கள். ஆங்கில நாளிதழ்ப் புதிரில் அந்த வழக்கம் இல்லை. ம், ன், ர், ல் என்று மெய்யில் முடிந்து மெய்யில் தொடங்க மறுக்கும் மொழிக்கு அந்த இரண்டு திசையும் தேவைப்பட்டன. இது நம் புதிர்க்காரர்கள் கண்டுபிடித்த நல்ல வழி.

"கலைந்துள்ளது", "பாதி", "கடைசி எழுத்து இல்லை" என்று குறிப்பின் வாலில் ஒட்டுப் போடுவது வேறு விஷயம். அதை என்னால் ஏற்க முடியவில்லை. கட்டத்தில் சொல் உட்காரவில்லை என்பதற்காகச் சொல்லை வெட்டி உட்காரவைப்பது அது. சொல்லைக் கலைக்கக் கூடாது என்று சொல்லவில்லை. கலைப்பதற்கான காரணம் குறிப்புக்குள்ளேயே இருக்க வேண்டும்.

அப்படிக் காரணத்தைக் குறிப்புக்குள் வைக்கும் முறை பிரிட்டனில் வளர்ந்தது. குறுக்கெழுத்தின் தொடக்கம் 1913 டிசம்பர் 21, நியூயார்க் வேர்ல்டு நாளிதழ். லிவர்பூலில் பிறந்த ஆர்தர் வின் வைர வடிவத்தில் போட்டது. அது கடல் தாண்டி பிரிட்டனுக்குப் போனதும் இரட்டைப் பொருள் குறிப்புகள் கிளம்பின. லண்டன் டைம்ஸ் 1930-இல் தன் புதிரைத் தொடங்கியது. அந்த வகைக் குறிப்பில் இரண்டு பாதி உண்டு. ஒரு பாதி விடையின் நேர்ப்பொருள். குறிப்பின் முதலிலோ கடைசியிலோ நிற்கும். மறு பாதி அதே விடையை எழுத்து எழுத்தாகக் கட்டும் வழி. இரண்டும் சேர்ந்து ஒரே வாக்கியம்போல ஓடி வாசகரை வேறெங்கோ அழைத்துப்போகும்.

தமிழில் செய்து பார்ப்போம்.

"பாட்டு முடிந்ததும் மன்மதன் மனைவியோடு எட்டயபுரத்துக்காரர் (3)". பாட்டு என்றால் பா. மன்மதன் மனைவி ரதி. பாரதி.

"ஈசனைக் கூப்பிடத் திரும்ப வாசி (2)". இதில் எனக்கு அலாதிப் பிரியம். 'வாசி' என்பதைத் திருப்பினால் சிவா. கூப்பிட என்று சொல்லியிருப்பதால் சிவன் என்ற விடைக்கு இடமில்லை, விளிதான் வேண்டும். ஒரு சொல்கூட வீணில்லை.

"சோகம் பன்மடங்கானதில் ஒளிந்திருக்கும் கவிஞர் (4)". சோகம் பன்மடங்கு என்று நிறுத்தாமல் வாசியுங்கள். நடுவில் கம்பன் உட்கார்ந்திருக்கிறார்.

"தலையில்லாத காவிரியைப் பரப்பு (2)". கா போனால் விரி. ஒரு சொல்லில் எழுத்தை ஒவ்வொன்றாகக் குறைத்து வேறு வேறு பொருள் வரவைப்பதற்கு நம் அணியிலக்கணத்தில் அக்கரச்சுதகம் என்று பெயரே இருக்கிறது. கூட்டிக்கொண்டே போவது எழுத்து வருத்தனம். திருப்பினாலும் அதுவாகவே வரும் மாலைமாற்றைத் திருஞானசம்பந்தர் பதிகமாகவே பாடியிருக்கிறார். சிலேடைக்குக் காளமேகம். இவ்வளவு வைத்திருக்கும் மொழியின் தினசரிப் புதிரில் "ஒரு நடிகை (3)" என்று பார்க்கும்போது மனம் வலிக்கத்தான் செய்கிறது.

இந்த இரட்டைக் குறிப்பின் அறிவியல் பயன் என்ன? விடையைச் சரிபார்க்கும் வேலையைக் கட்டத்திடமிருந்து குறிப்பு வாங்கிக்கொள்கிறது. பாரதி என்று ஒருமுறை விழுந்துவிட்டால் குறுக்குச் சொல் தரும் ஓர் எழுத்துகூட இல்லாமலே அதுதான் விடை என்று தெரியும். இரண்டு தனித்தனி வழியில் கணக்குப் போட்டு ஒரே தொகை வருவதுபோல. அதனால்தான் பிரிட்டிஷ் கட்டங்களில் ஏறத்தாழப் பாதி எழுத்துகளுக்குக் குறுக்குச் சொல் இல்லாமலே புதிர் உறுதியாக நிற்கிறது. அமெரிக்கக் குறிப்புகள் பெரும்பாலும் நேரானவை. அங்கே ஒவ்வொரு எழுத்தையும் கட்டமே இரண்டு முறை சரிபார்க்கிறது. மிகைமையை எங்காவது ஓரிடத்தில் வைத்தே ஆகவேண்டும். நம் புதிரில் மொழியின் அமைப்பால் கட்டம் இளகியிருக்கிறது, குறிப்பும் நேர்ப்பொருளோடு நின்றுவிடுகிறது. இரண்டு கையும் காலி.

சென்னையில் தி ஹிந்து ஆங்கில நாளிதழின் புதிரால் இந்த வகைக் குறிப்பில் கை தேர்ந்தவர்கள் நிறையப் பேர். தமிழில் அதே முறையில் அமைந்த புதிர்கள் அமெரிக்கத் தமிழர்களின் தென்றல் மாத இதழில் பல ஆண்டுகள் வந்தன. ஆகவே நடக்காத காரியம் இல்லை.

இந்தக் கலையில் நேர்மைக்கு ஓர் அளவுகோலும் உண்டு. அஃப்ரிட் என்ற புனைபெயரில் புதிர் போட்ட ஏ. எஃப். ரிச்சி 1949-இல் வகுத்தது. புதிர் போடுபவர் தான் சொல்வதையே கருத வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. ஆனால் தான் கருதியதைச் சொல்லியே ஆகவேண்டும். ஏமாற்றலாம், வாசகரை வேறு பக்கம் பார்க்கவைக்கலாம். கடைசியில் விடையை வைத்துக்கொண்டு குறிப்பைத் திரும்பப் படித்தால் சொல்லுக்குச் சொல் பொருந்த வேண்டும். "உடம்பு தேற இது அவசியம்" தோற்றது இங்கேதான். அந்தப் புதிரைப் போட்டவர் கருதியது தூக்கம். அதை அவர் சொல்லவில்லை.

அந்த நித்திரைக்கு அன்றைக்கே வேறு குறிப்பு எழுதிப் பார்த்தேன். ஆறு சொல்லில் ஒன்றான சித்திரையே கைகொடுத்தது. நிலாவின் முகம் நி, தலை போன சித்திரையில் மிஞ்சுவது த்திரை: "தலையில்லாத சித்திரைக்கு நிலா முகம் வைத்தால் தூக்கம் (4)". இதற்கு மாத்திரை என்று யாரும் எழுத முடியாது.