வீட்டுக் கடன்: வட்டி எவ்வளவு என்று கேட்கிறோம், மீதித் தவணை எத்தனை என்று கேட்பதில்லை

50 லட்சம் ரூபாய் கடன், 8.5% வட்டி, 20 ஆண்டு. மாதத் தவணை 43,391 ரூபாய். 240 தவணையையும் ஒன்றுகூட விடாமல் கட்டி முடித்தால் மொத்தம் 1 கோடியே 4 லட்சத்துக்குச் சற்று மேல் போயிருக்கும். அதில் வட்டி மட்டும் 54.14 லட்சம். வாங்கிய கடனைவிட வட்டி அதிகம் என்பது இன்று பலருக்கும் தெரிந்த கணக்குதான். அந்த வட்டி எந்த வரிசையில் போகிறது, கையெழுத்துப் போட்ட நாளில் காட்டிய 240 என்ற எண் பிற்பாடு என்ன ஆகிறது, இந்த இரண்டையும் கவனிப்பவர்கள்தான் குறைவு.

முதல் மாதத்தை மட்டும் பிரித்துப் பாருங்கள். 50 லட்சத்துக்கு ஒரு மாத வட்டி 35,417 ரூபாய். 43,391 கட்டியதில் அசலில் கழிந்தது 7,974 ரூபாய்தான். முதல் ஆண்டு முழுக்க 5.2 லட்சம் கட்டியிருப்பீர்கள். அசல் ஒரு லட்சம்கூடக் குறைந்திருக்காது. ஐந்து ஆண்டு முடிவில் 26 லட்சம் கட்டியாயிற்று, மீதிக் கடன் 44 லட்சம். பத்து ஆண்டு முடிவில் கட்டியது 52 லட்சம், மீதி இன்னும் 35 லட்சம். காலத்தில் பாதி கடந்தும் கடனில் பாதி தீர்வதில்லை. தவணையில் அசலின் பங்கு வட்டியின் பங்கைத் தாண்டுவதே 143ஆவது மாதத்தில்தான். கடன் பாதியாவது 166ஆவது மாதத்தில்.

இதில் ஏமாற்று எதுவும் இல்லை. மீதி எவ்வளவோ அதற்குத்தான் வட்டி. ஆரம்பத்தில் மீதி அதிகம், அதனால் வட்டியும் அதிகம். ஆனால் ஐந்தாறு ஆண்டில் வீட்டை விற்றுவிட்டு வேறு வீடு வாங்கிக்கொள்ளலாம் என்று திட்டமிடுகிறவர்கள் இந்த அட்டவணையை ஒருமுறையாவது பார்த்துவிட வேண்டும். விற்கும்போது வங்கிக்குப் போகப்போகும் தொகை அவர்கள் மனக்கணக்கில் வைத்திருப்பதைவிடப் பல லட்சம் கூடுதலாக இருக்கும்.

தவணை குறைவு, கடன் அதிகம்

சம்பளத்துக்கு இந்தத் தவணை இடிக்கிறது என்றால் கடன் பிரிவில் உடனே கிடைக்கும் பதில், "சார், முப்பது வருஷமாப் போட்டுக்கலாம்." அதே 50 லட்சத்துக்கு, அதே 8.5 சதவீதத்தில், 30 ஆண்டுக்கு மாதத் தவணை 38,446. மாதம் 4,945 ரூபாய் மிச்சம் என்று தெரிகிறது. மொத்த வட்டியோ 88.4 லட்சம். இருபதை முப்பதாக்கியதற்கு மட்டும் 34 லட்சம் கூடுதல். எதிர்ப்பக்கம் 15 ஆண்டுக்குப் போட்டால் தவணை 49,237, வட்டி 38.63 லட்சம். மாதம் ஆறாயிரத்துக்கும் குறைவாகக் கூட்டிக் கட்டினால் பதினைந்தரை லட்சம் குறைகிறது.

இங்கே ஒரு நியாயத்தையும் சொல்லிவிட வேண்டும். இருபது ஆண்டு கழித்துக் கட்டும் ஒரு ரூபாய்க்கு இன்றைய ரூபாயின் மதிப்பு கிடையாது. மொத்த வட்டியைக் கூட்டி வைத்துப் பயமுறுத்துவது பாதி உண்மைதான். நீண்ட காலத்துக்குப் போட்டு, மிச்சமாகும் பணத்தை மாதாமாதம் தவறாமல் வேறிடத்தில் சேர்த்து, அங்கே வரிபோகக் கடன் வட்டியைவிடக் கூடுதலாக ஈட்டுகிறவருக்கு 30 ஆண்டுக் கடன் நட்டமில்லை. அந்த ஒழுங்கு எத்தனை பேரிடம் நிலைக்கிறது என்பதுதான் கேள்வி. பெரும்பாலான வீடுகளில் அந்த ஐயாயிரம் செலவோடு செலவாகக் கரைந்துவிடுகிறது.

மிதக்கும் வட்டி: தவணை நிற்கும், காலம் ஓடும்

இந்தியாவில் வீட்டுக் கடன்களில் பெரும்பாலானவை மிதக்கும் வட்டியில்தான், அதாவது கடன் காலத்தில் ஏறி இறங்கும் வட்டியில். வட்டி இரண்டு துண்டுகளால் ஆனது: ஓர் அளவுகோல், அதன்மேல் வங்கி வைக்கும் கூடுதல் (ஸ்ப்ரெட் என்பார்கள்). 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் தரும் புதிய மிதக்கும் வட்டி வீட்டுக் கடன்களை வெளி அளவுகோல் ஒன்றோடு இணைத்தாக வேண்டும். பெரும்பாலும் அது ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம் (வங்கிகளுக்கு அது குறுகிய காலக் கடன் தரும் வட்டி). மூன்று மாதத்துக்கு ஒருமுறையாவது வட்டியைத் திருத்த வேண்டும். அதற்கு முன் வாங்கிய கடன்கள் இன்னும் வங்கி தன் செலவை வைத்துத் தானே நிர்ணயிக்கும் எம்சிஎல்ஆர் அல்லது அதற்கும் பழைய பேஸ் ரேட் முறையில் இருக்கலாம். வீட்டு வசதி நிதி நிறுவனங்களுக்கு இந்த வெளி அளவுகோல் விதி கிடையாது. அவை தாங்களே நிர்ணயிக்கும் விகிதத்தை வைத்துக்கொள்கின்றன. ரெப்போ குறைந்தது என்று செய்தியில் படித்துவிட்டு "நமக்கு ஏன் குறையவில்லை" என்று குழம்புகிறவர்களின் கடன் பெரும்பாலும் இந்தப் பிந்தைய இரண்டு வகையில் ஒன்றாக இருக்கும்.

2022 மே மாதம் ரெப்போ 4 சதவீதத்திலிருந்து ஏறத் தொடங்கி, 2023 பிப்ரவரியில் 6.5 சதவீதத்தில் நின்றது. இரண்டரை சதவீதம் என்று கேட்கும்போது சின்னதாகத்தான் தெரிகிறது. 6.75 சதவீதத்தில் 50 லட்சம், 20 ஆண்டு என்று வாங்கியவரை எடுத்துக்கொள்வோம். தவணை 38,018. ஒன்றரை ஆண்டு ஒழுங்காகக் கட்டியபின் மீதி 48.13 லட்சம், மீதித் தவணை 222. இப்போது வட்டி 9.25 ஆகிறது. (ஏற்றம் படிப்படியாகத்தான் வந்தது, கணக்கு எளிதாக இருக்க ஒரே நாளில் ஏறியதாக வைத்துக்கொள்வோம்.) அந்த மாத வட்டி மட்டும் 37,101 ரூபாய். பழைய தவணையையே கட்டினால் அசலுக்குப் போவது 917 ரூபாய். அந்த வட்டியே நீடித்தால் கடன் தீர 485 மாதம், அதாவது நாற்பது ஆண்டு ஆகும்.

மாறாக, காலத்தை 222 மாதத்திலேயே நிறுத்திவைக்கத் தவணையை 45,347 ஆக உயர்த்த வேண்டும். மாதம் 7,300 கூடுதல், வலிக்கும். ஆனால் இனிமேல் கட்ட வேண்டிய மொத்தம் முதல் வழியில் 1.84 கோடி, இரண்டாவது வழியில் 1.01 கோடி. தவணை மாறவில்லையே என்று நிம்மதியாக இருந்ததன் விலை 83 லட்சம். கடன் வாங்கி ஒரு மாதத்திலேயே இந்த ஏற்றம் வந்திருந்தால் மாத வட்டியே 38,542 ஆகி, தவணையைத் தாண்டியிருக்கும். கட்டக் கட்டக் கடன் ஏறும்.

நடைமுறையில் வங்கிகள் இவ்வளவு தூரம் போக விடுவதில்லை. கடன் வாங்கியவரின் வயது வரம்பு எட்டியதும் தவணையைக் கூட்டிவிடுவார்கள். ஆனால் அதுவரை காலம் சத்தமில்லாமல் நீண்டிருக்கும். 55 வயதில் முடியும் என்று நினைத்த கடன் 65 வரை நீள்வது, அதாவது சம்பளம் நின்ற பிறகும் தவணை ஓடுவது, இப்படித்தான் நேர்கிறது.

இதனால்தான் ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்ட் 18 அன்று ஒரு சுற்றறிக்கை வெளியிட்டது. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலப்பதா என்ற தேர்வைக் கடன் வாங்கியவருக்குத் தர வேண்டும். நிலையான வட்டிக்கு மாறும் வாய்ப்பையும் வங்கியின் கொள்கைப்படி தர வேண்டும் என்று அப்போது இருந்தது, 2025 அக்டோபர் முதல் அது வங்கியின் விருப்பம். காலத்தை நீட்டுவதால் தவணை வட்டிக்கே போதாமல் போகும் நிலை வரக்கூடாது. காலாண்டுக்கு ஒருமுறை தரும் அறிக்கையில் இதுவரை வசூலான அசல், வட்டி, தவணைத் தொகை, மீதித் தவணைகளின் எண்ணிக்கை, ஆண்டு வட்டி விகிதம் எல்லாம் இருக்க வேண்டும். அந்த அறிக்கை கைக்கு வந்தால் வேறெதையும் பார்க்காவிட்டாலும் மீதித் தவணை எத்தனை என்று பாருங்கள். போன காலாண்டைவிட மூன்று குறைந்திருக்க வேண்டும். குறையவில்லை என்றால், அல்லது கூடியிருந்தால், கிளைக்குப் போய்த் தவணையை உயர்த்தச் சொல்லி எழுத்தில் கொடுங்கள்.

வட்டி இறங்கும் காலத்தில் கவனிக்க வேண்டியது ஸ்ப்ரெட். புதிய வாடிக்கையாளருக்கு வங்கி குறைந்த ஸ்ப்ரெட் தரும். பழையவர் பழையதிலேயே இருப்பார். 44 லட்சம் மீதி, 180 தவணை பாக்கி உள்ள கடனில் வட்டியை அரை சதவீதம் குறைத்து வாங்கி, தவணையை மாற்றாமல் விட்டால் சுமார் 10 தவணை குறையும், 4.3 லட்சம் மிச்சம். கேட்டால்தான் கிடைக்கும். அதற்கான மாற்றுக் கட்டணம் இந்த மிச்சத்தின் முன் பொருட்டே இல்லை.

கடனுக்குள் ஒளிந்திருக்கும் மற்ற செலவுகள்

2024 அக்டோபர் 1 முதல் சில்லறைக் கடன்கள் எல்லாவற்றுக்கும் முக்கிய விவர அறிக்கை ஒன்றைக் கடன் தருபவர் கொடுக்க வேண்டும். பரிசீலனைக் கட்டணம், சட்டக் கருத்து, மதிப்பீட்டுக் கட்டணம் போன்றவற்றையும் சேர்த்துக் கணக்கிட்ட ஆண்டுச் சதவீதம் (ஏபிஆர்) அதில் இருக்கும். இரண்டு வங்கிகளை ஒப்பிட வேண்டியது இந்த எண்ணில்தான், விளம்பரத்தில் உள்ள வட்டியில் அல்ல.

காப்பீட்டைத் தனியாகப் பாருங்கள். கடனோடு ஒட்டி வரும் ஒற்றைப் பிரீமியக் காப்பீட்டுக்கு 1.5 லட்சம் என்று வைத்துக்கொள்வோம். "நீங்க கையிலிருந்து தர வேண்டாம், லோன்லயே சேர்த்துடலாம்" என்பார்கள். 8.5 சதவீதத்தில் 20 ஆண்டுக்கு அது 3.12 லட்சம் ஆகிறது. கடன் இருக்கும்போது ஆயுள் காப்பீடு தேவைதான், சந்தேகமில்லை; அதைக் கடன் தரும் இடத்திலேயே எடுக்க வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. கடனைவிட அதிகத் தொகைக்குத் தனியாக ஒரு டேர்ம் பாலிசி எடுத்துக்கொண்டால், கடனை வேறு வங்கிக்கு மாற்றினாலும் அது கூடவே வரும்.

கட்டிமுடியாத அடுக்குமாடி வீட்டில் 'பிரீ-இஎம்ஐ' தனிக் கதை. வங்கி கட்டடக்காரருக்குப் பகுதி பகுதியாக விடுவிக்கும் தொகைக்கு வட்டி மட்டும் கட்டிவருவீர்கள். அசல் ஒரு பைசா குறையாது, 240 தவணை தொடங்கவே இல்லை. சராசரியாக 30 லட்சம் வெளியே போயிருந்தால் மூன்று ஆண்டில் 7.65 லட்சம். ஒப்படைப்பு தள்ளிப்போகப் போக இது ஏறும், கூடவே இருக்கும் வீட்டு வாடகையும். முடிந்தவர்கள் முதல் மாதத்திலிருந்தே முழுத் தவணை கட்டும் வழியைக் கேட்டுப் பெறலாம்.

கடனை மாற்றும்போது விழும் பள்ளம் வேறு. 35 லட்சம் மீதி, பத்து ஆண்டு பாக்கி, தவணை 43,391. வேறொரு வங்கி 8 சதவீதம் தருகிறேன், தவணையும் 29,275 ஆகக் குறையும் என்கிறது. தவணை இவ்வளவு குறைந்தது வட்டியால் அல்ல. காலத்தை மறுபடி 20 ஆண்டாகப் போட்டிருக்கிறார்கள். பழைய கடனிலேயே இருந்தால் இனி 52 லட்சம், மாற்றினால் 70 லட்சம். மாற்றுங்கள், ஆனால் பாக்கியுள்ள காலத்துக்கே மாற்றுங்கள். பத்திரங்களைப் புதிய வங்கியில் அடமானமாக வைப்பதற்கான ஒப்பந்தத்தின் (எம்.ஓ.டி.) பதிவுச் செலவும் பரிசீலனைக் கட்டணமும் திரும்ப வரும் என்பதையும் கணக்கில் கழித்துக்கொள்ளுங்கள்.

வருமான வரிச் சலுகையை நம்பிக் கடனை வைத்திருப்பவர்களுக்கு ஒரு வரி: குடியிருக்கும் வீட்டின் வட்டிக்கு ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழிவு பழைய வரிமுறையில்தான். புதிய முறையைத் தேர்ந்தவர்களுக்கு அது இல்லை.

முன்கூட்டிக் கட்டும்போது எழுதிக் கொடுக்க வேண்டிய ஒரு வாக்கியம்

தனிநபர் மிதக்கும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டிக் கட்டினால் வங்கிகள் அபராதம் வாங்கக்கூடாது என்பது 2012 முதலே உள்ள விதி. ஆகவே போனஸோ முதிர்வுத் தொகையோ வந்தால் போடலாம். எப்போது போடுகிறோம் என்பதில் வித்தியாசம் இருக்கிறது: முதலில் பார்த்த 50 லட்சம், 20 ஆண்டுக் கடனில் முதல் ஆண்டு முடிவில் 2 லட்சம் போட்டால் 21 தவணை குறைந்து, போட்ட பணம் போக 7.29 லட்சம் மிச்சம். அதே 2 லட்சத்தைப் பத்தாம் ஆண்டில் போட்டால் மிச்சம் 2.5 லட்சம்.

அதைவிடப் பெரிய வித்தியாசம், எதைக் குறைக்கச் சொல்கிறோம் என்பதில். முதல் ஆண்டில் போட்ட 2 லட்சத்துக்குக் காலத்தை விட்டுவிட்டுத் தவணையைக் குறைத்தால் மாதம் 1,771 குறையும்; கடைசிவரை கணக்கிட்டால் நிகர மிச்சம் 2.04 லட்சம்தான். எனவே விண்ணப்பத்தில் "தவணைத் தொகை மாற வேண்டாம், கடன் காலத்தைக் குறைக்கவும்" என்று எழுதி, ஒரு வாரம் கழித்துப் புதிய அட்டவணையை வாங்கிப் பார்த்துவிடுங்கள். கையிருப்பை மொத்தமாகத் துடைத்துப் போடவும் வேண்டாம். சாதாரணக் கடனில் போட்ட பணம் அவசரத்துக்குத் திரும்பி வராது. ஆறு மாதத் தவணையும் குடும்பச் செலவும் தனியே இருக்கட்டும். ஓவர்டிராஃப்ட் வகைக் கடனில் போட்டதைத் திரும்ப எடுக்கலாம், ஆனால் வட்டி பெரும்பாலும் சற்றுக் கூடுதலாக இருக்கும்.

கடைசித் தவணையோடு வேலை முடிவதில்லை. கடன் தீர்ந்த 30 நாளுக்குள் அசல் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். வங்கியின் பக்கத்துத் தாமதம் என்றால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு என்று 2023 டிசம்பர் 1 முதல் நடைமுறை. கடன் வாங்கிய நாளில் கொடுத்த ஆவணப் பட்டியலின் நகல் உங்களிடம் இருந்தால்தான் ஒவ்வொன்றாகச் சரிபார்த்து வாங்க முடியும். எம்.ஓ.டி. பதிவு செய்திருந்தால் சார்பதிவாளர் அலுவலகத்தில் வங்கி, கடன் தீர்ந்தது என்பதற்கான ரசீது ஆவணம் பதிந்து தர வேண்டும். அதன்பின் புதிய வில்லங்கச் சான்று எடுத்து அந்தப் பதிவு ஏறியிருக்கிறதா என்று பாருங்கள். ஏறாவிட்டால், தீர்ந்துபோன கடன் பத்து ஆண்டு கழித்து வீட்டை விற்கும் நாளில் வாங்குபவரின் வக்கீல் கையில் தட்டுப்படும்.