ஆன்டிடிப்ரசன்ட் – மனச்சோர்வு மருந்து

தருமபுரி, கிருஷ்ணகிரி பக்கத்து வீடுகளில் இந்த மருந்துக்கு வழங்கும் பெயர் 'தூக்க மாத்திரை' அல்லது 'நரம்பு மாத்திரை'. பெயர் மாறியதும் உட்கொள்ளும் முறையும் மாறிவிடுகிறது. தூக்கம் வராத ராத்திரி ஒன்று போட்டுக்கொள்வதும், நன்றாகத் தூங்கிய மறுநாள் நிறுத்திவிடுவதுமாகப் போகிறது. அப்படிச் சாப்பிட்டால் இந்த மருந்து வேலை செய்யாது. அதனால்தான் இதற்குச் சரியான தமிழ்ப் பெயர் முக்கியம்.

'டிப்ரஷன்' என்பதன் வேர் லத்தீன் மொழியில், கீழ்நோக்கி அழுத்துவதைக் குறிக்கும் சொல்லில் இருக்கிறது. 'ஆன்டி' கிரேக்க முன்னொட்டு. எதிர் என்று பொருள். மருந்தே தற்செயலாகக் கிடைத்ததுதான். 1952இல் நியூயார்க்கின் ஸ்டேட்டன் தீவு மருத்துவமனையில் காசநோய்க்கு இப்ரோனியாசிட் கொடுத்தபோது, நோயாளிகள் வழக்கத்துக்கு மாறாக உற்சாகமானார்கள். 1957இல் நேதன் கிளைன் அதை மனச்சோர்வுக்குப் பயன்படுத்தி அறிவித்தார். அதே ஆண்டில் சுவிட்சர்லாந்தின் ரோலண்ட் கூன் இமிப்ரமினைப் பற்றி எழுதினார்.

தமிழில் 'மன அழுத்த மாத்திரை' என்பது பரவலான வழக்கு. லத்தீன் வேரோடு அது ஒட்டித்தான் போகிறது. ஆனால் கடன், வேலைப் பளு, குடும்பச் சண்டை தரும் நெருக்கடியையும் மன அழுத்தம் என்றே சொல்வதால், 'பிரச்சினை தீர்ந்தால் மாத்திரை எதற்கு' என்ற கேள்வி வந்துவிடுகிறது. சோர்தல் என்றால் தளர்தல், நழுவுதல், வடிதல்; கண்ணீர் சோர, கூந்தல் சோர என்கிறோம். பசி, தூக்கம், ஆசை எல்லாம் கையை விட்டு நழுவும் நிலைக்கு 'மனச்சோர்வு' கச்சிதமாகப் பொருந்துகிறது. 'மனச்சோர்வு நீக்கி' என்றும் எழுதுகிறார்கள். 'நீக்கி' என்றால் ஒரு வேளையில் நீங்கிவிடும் என்று தோன்றும். 'மனச்சோர்வு மருந்து' என்றாலே போதும்.

வயதானவர்கள் பெரும்பாலும் 'மனசு சோர்ந்திருக்கு' என்று சொல்வதில்லை. 'ஒடம்பு அசதி', 'சோறு எறங்கல', 'ராவெல்லாம் முழிப்பு' என்பார்கள். விடியற்காலை மூன்று மணிக்கே விழிப்பு வந்து மறுபடி தூங்க முடியாமல் போவது முக்கியமான அறிகுறி. தைராய்டு கோளாறு, வைட்டமின் பி12 குறைவு, ரத்தசோகை ஆகியவையும் இப்படிக் காட்டும் என்பதால் முதலில் ரத்தப் பரிசோதனை தேவை.

அளவில் பொதுவிதி, குறைவாகத் தொடங்கி மெல்லக் கூட்டுவது. செர்ட்ரலின் 25 மி.கி.யில் தொடங்கி 50க்குப் போவார்கள். எஸ்சிட்டலோப்ராம் 5 மி.கி.யில் தொடங்குவது வழக்கம். முதியவர்கள் பெரும்பாலோருக்கு 10 மி.கி.யே போதும். இவற்றைக் காலையில் போடுவது நல்லது, சிலருக்கு இரவில் போட்டால் தூக்கம் கலையும். தூக்கமும் பசியும் சேர்ந்து போனவருக்கு மிர்டசபின் 7.5 மி.கி. இரவில் உதவும். இந்த மருந்து குறைந்த அளவிலேயே தூக்கம் தந்துவிடும் என்பதால், தூக்கத்துக்காக வீட்டில் தாமாகவே இரண்டு மாத்திரையாக்குவதில் பயனில்லை. அமிட்ரிப்டிலின் பழைய, மலிவான மருந்து. முதியவர்களுக்கு வாய் உலர்தல், மலச்சிக்கல், சிறுநீர் அடைப்பு, குழப்பம், எழும்போது தலைசுற்றி விழுதல் ஆகியவற்றைக் கொண்டுவரும். புராஸ்டேட் வீக்கமோ கண் அழுத்த நோயோ இருந்தால் மருத்துவரிடம் முன்கூட்டியே சொல்ல வேண்டும். பதற்றத்துக்கும் தூக்கத்துக்கும் தரும் அல்ப்ரசோலம், குளோனசெபாம் ஆகியவை இந்த வகையே அல்ல. அவைதான் பழக்கமாகும், இரவில் விழுந்து இடுப்பெலும்பு முறியவும் காரணமாகும்.

பலன் தெரிய இரண்டிலிருந்து நான்கு வாரம் ஆகும். வயதானவர்களுக்கு ஆறு, எட்டு வாரம்கூடப் போகலாம். குமட்டலும் படபடப்பும் முதல் வாரத்திலேயே வருவதால், 'ஒத்துக்கல' என்று நல்லது தொடங்குமுன்பே விட்டுவிடுகிறார்கள். இந்தக் குமட்டல் பெரும்பாலும் ஒன்றிரண்டு வாரத்தில் அடங்கிவிடும்.

அடங்கக் காத்திருக்கக் கூடாத ஒன்று, ரத்தத்தில் சோடியம் குறைவது. இயல்பு அளவு லிட்டருக்கு 135 முதல் 145 மில்லிமோல். ரத்த அழுத்தத்துக்கு 'நீர் பிரிக்கும் மாத்திரை' சாப்பிட்டு, உப்பையும் வெகுவாகக் குறைத்திருப்பவருக்கு இந்த மருந்தும் சேர்ந்தால் ஆபத்து கூடுகிறது. தலைவலி, தள்ளாட்டம், திடீர்க் குழப்பம் வந்தால் 'வயசாச்சு, அப்படித்தான்' என்று விடாமல் அன்றே சோடியம் பார்க்க வேண்டும். தொடங்குமுன் ஒருமுறை, பிறகு இரண்டிலிருந்து நான்கு வாரத்துக்குள் ஒருமுறை பார்ப்பது பாதுகாப்பு.

இந்த மாவட்டங்களின் ஃபுளோரைடு நீரால் மூட்டுவலி வந்தவர்கள் பலர். டைக்லோஃபினாக் போன்ற வலி மாத்திரையோடு செர்ட்ரலின், எஸ்சிட்டலோப்ராம் சேர்ந்தால் வயிற்றில் ரத்தம் கசியலாம். மலம் கறுப்பாகப் போனால் உடனே மருத்துவமனைக்குப் போக வேண்டும். டிரமடால் என்ற வலி மருந்து சேர்ந்தால் நடுக்கம், காய்ச்சல், பதற்றம் வரலாம்.

தமிழக அரசின் மக்களைத் தேடி மருத்துவம் திட்டம் 2021 ஆகஸ்ட் 5 அன்று கிருஷ்ணகிரி மாவட்டம் சாமனப்பள்ளியில்தான் தொடங்கியது. ரத்த அழுத்த, சர்க்கரை மாத்திரை அதில் வீட்டுக்கே வரும். மனநல மருந்தை தருமபுரி மருத்துவக் கல்லூரி மருத்துவமனையிலோ பெங்களூரிலோ வாங்கியிருப்பார்கள். இரண்டு இடத்துச் சீட்டும் ஒருவர் கண்ணில் படாதபோது, வேறு வேறு கம்பெனிப் பெயரில் ஒரே மருந்து இரட்டிப்பாவது நடக்கிறது. எங்கே போனாலும் எல்லா மாத்திரை அட்டைகளையும் ஒரே பையில் கொண்டுபோங்கள்.

ஒரு வேளை மறந்தால் மறுநாள் இரண்டாகப் போட வேண்டாம். குணமான பிறகும் குறைந்தது ஆறு மாதம், முதியவர்களுக்குப் பெரும்பாலும் ஓராண்டு தொடர வேண்டும். திடீரென நிறுத்தினால் கிறுகிறுப்பு, எரிச்சல், தலைக்குள் ஷாக் அடிப்பது போன்ற உணர்வு வரும். இது அடிமையான அடையாளமில்லை. மருத்துவர் சொல்லும் கணக்கில் வாரக்கணக்காகக் குறைத்தால் பெரும்பாலும் வராது.

'இருந்து என்ன பிரயோசனம்' என்று பெரியவர் பேசத் தொடங்கினால், மாத்திரைகளையும் வயலுக்கு அடிக்கும் பூச்சிமருந்தையும் பூட்டி வையுங்கள். தனியே விடாதீர்கள். 14416 என்ற டெலி மானஸ் மனநல உதவி எண் 24 மணி நேரமும் இலவசம், தமிழிலேயே பேசலாம்.